பெரியப்பாவின் பேனா

தமிழ்நாட்டில் 1967 திருத்தத்துக்குப் பிறகு, உறவினர் முன்னிலையில் மாலை மாற்றினாலே இந்துக் கல்யாணம் செல்லும். இலங்கையின் கம்பளையில் அந்தப் பருப்பு வேகாது. இங்கே முஸ்லிம் வீடுகளில் வாப்பாவே ‘வலி’யாக, அதாவது மணப்பெண்ணின் பொறுப்பாளராக நின்று பெண்ணைக் கொடுக்கலாம். இந்துக்களான நமக்கோ 1907ஆம் ஆண்டின் விவாகப் பதிவுக் கட்டளைச் சட்டம்தான் தாய்மாமன். அரசு நியமித்த பதிவாளர் வந்தால்தான் ‘எழுத்து’ என்னும் விவாகப் பதிவு. முகூர்த்தம் போகுதே என்று ஐயர் தவிக்க, பதிவாளர் இன்னொரு மண்டபத்தில் பாயசம் குடித்துக்கொண்டிருப்பார்.

பெரியப்பாவுக்குச் சட்டம் ஒதுக்கியது ஒரு சாட்சிக் கையெழுத்து. அதற்கே புதுப் பேனா. கண்ணாடியைத் துடைத்துப் படிவத்தைத் தலைப்பிலிருந்து உரக்க வாசிப்பார். மாப்பிள்ளை அந்தப் பேனாவைத் தன் கோட்டில் போட்டுவிடாமலிருக்க, பக்கத்தில் ஒரு மச்சானை நிறுத்துவது நல்லது.