மைதானத்திலிருந்து நீதிமன்றத்துக்கு

கேள்வி: விளையாட்டு வீரர்கள் எம்.பி. ஆகிறார்கள், நடிகர் ஆகிறார்கள். நீதிபதி ஆனவர் யாராவது உண்டா?

பதில்: உண்டு. அமெரிக்காவின் மினசோட்டா மாநிலத்தில் ஆலன் பேஜ். எதிரணி ஆட்டக்காரர்களை மடக்கிக் கீழே தள்ளியே 1971-ல் அமெரிக்கக் கால்பந்தின் சிறந்த வீரர் விருது வாங்கியவர். ஆடிக்கொண்டே சட்டம் படித்து 1978-ல் பட்டமும் வாங்கினார்.

அங்கே மாநில உச்ச நீதிமன்ற நீதிபதிக்கும் தேர்தல் உண்டு. 1992-ல் இவர் நிற்கப் போனால், ஆளுநர் (அங்கே அவர்தான் நம்மூர் முதல்வர் மாதிரி) பதவியில் இருந்த நீதிபதிக்குக் காலத்தை நீட்டித்துத் தேர்தலையே இல்லாமல் செய்துவிட்டார். விடுவாரா? வழக்குப் போட்டு ஜெயித்தார். பிறகு தேர்தலிலும் ஜெயித்து, அந்த நீதிமன்றத்தின் முதல் கறுப்பின நீதிபதியானார். அடுத்தடுத்த தேர்தல்களிலும் அவரை யாராலும் அசைக்க முடியவில்லை. 2015-ல் 70 வயது ஓய்வு விதிதான் வீட்டுக்கு அனுப்பியது!