முகமும் புளியும்

கேள்வி: மேலாளரின் முகத்தைப் பார்த்ததுமே வயிற்றில் புளியைக் கரைக்கிறது. முகத்தைப் படிப்பது மூளையா, வயிறா? - வாசகர், எண்ணூர்.

பதில்: படிப்பது மூளைதான், ஆனால் புளி கரையாவிட்டால் படித்தது பாதிதான். சாட்சிக்கு வெகுதூரம் போக வேண்டாம், உங்கள் வடசென்னையின் ஸ்டான்லி மருத்துவக் கல்லூரியில் படித்த மூளை ஆய்வாளர் வி.எஸ்.ராமச்சந்திரன் இருக்கிறார். விபத்தில் தலையில் அடிபட்ட ஒருவர், பெற்றோரைப் பார்த்து, அச்சு அசலாக அவர்களைப்போலவே இருக்கும் வேறு யாரோ ஆள்மாறாட்டம் செய்கிறார்கள் என்று சாதித்தார். அவரை ஆராய்ந்து ராமச்சந்திரனும் சக ஆய்வாளர் ஹிர்ஸ்டைனும் 1997-இல் எழுதினார்கள். தெரிந்த முகத்தைக் கண்டால் நம் உள்ளங்கையில் கண்ணுக்குத் தெரியாத அளவு வியர்வை கூடும். பெற்றோர் படத்தைப் பார்த்தும் அவருக்குக் கூடவில்லை. முகத்தை இனம்காணும் பகுதி பழுதில்லை, அங்கிருந்து உணர்ச்சியைக் கிளப்பும் அமிக்டலாவுக்குப் போகும் பாதைதான் அறுந்திருக்கிறது என்பது அவர்கள் கணிப்பு.

புத்தி பேதலித்தவர் என்று தள்ளிவிடலாமே என்பீர்கள். அப்படியானால் தொலைபேசியிலும் சந்தேகப்பட்டிருக்க வேண்டும். குரலைக் கேட்டபோதோ பெரும்பாலும் ஒப்புக்கொண்டார். காதுக்குத் தனிப்பாதை, அது அறுபடவில்லை. ஆகவே புளி கரைகிறவரை உங்கள் மூளை நலம். மேலாளர் முறைத்தும் வயிறு அசையாத நாளில், ஸ்டான்லி பக்கம் போகும் பேருந்தைப் பிடியுங்கள்.