ஒரே வெள்ளம், இரண்டு முகவரி

சென்னை கோட்டூர்புரத்தில் நான் வளர்ந்த வீட்டில் வேலை செய்த அக்கா, அடையாற்றங்கரைக் குடிசையில் இருந்தார். ஐந்து நிமிட நடை. நான்கு வீடு பார்ப்பார். நடுவில் ஓடிப்போய்ப் பிள்ளைகளுக்குச் சோறு போட்டுவிட்டு வருவார். அது பொற்காலம் என்று சொல்ல மாட்டேன். அவருக்குத் தனி டம்ளர். கொல்லைச் சுவரில் கவிழ்ந்திருக்கும். ஆனாலும் நகரம் அவருக்குக் கைக்கெட்டும் தூரத்தில் இருந்தது. 2010இல் அண்ணா நூற்றாண்டு நூலகம் திறந்த பிறகு அவருடைய சின்ன மகள் அங்கேதான் கிடையாகக் கிடந்து படித்தாள்.

2015 டிசம்பரில் ஆறு ஏறி வந்தது. எங்கள் தரைத்தளம் முழுகியது. அவர் குடிசை போயே போனது. நாங்கள் பழைய வீட்டை இடித்து அடுக்குமாடி எழுப்பினோம், கீழே கார் நிறுத்த மட்டும் இடம் விட்டு. கரையோரம் ஆபத்து, ஆக்கிரமிப்பு என்று சொல்லி அக்கா போன்ற குடிசைவாசிகளை ஊர்க்கோடியிலுள்ள பெரும்பாக்கத்துக்கு அனுப்பினார்கள். அதே ஆறுதானே எங்கள் வீட்டுக்குள்ளும் புகுந்தது? எங்களை யாரும் கிளம்பச் சொல்லவில்லை. பள்ளிக்கரணைச் சதுப்பு நிலத்தை ஒட்டியது பெரும்பாக்கம். 2023 மிக்ஜாம் புயலில் அங்கும் தண்ணீர் சூழ்ந்தது. இதைப் பாதுகாப்பு என்று எப்படிச் சொல்வது?

குடிசை மாற்று வாரியம் 1970இல் தொடங்கியது. அந்த ஆரம்ப ஆண்டுகளில், குடிசை இருந்த இடத்திலேயே மாடிக் குடியிருப்புகள் பல எழுந்தன, கோட்டூர்புரத்திலேயே உண்டு. ஆக, முடியாத காரியமல்ல. 2000க்குப் பிறகு கண்ணகி நகர், செம்மஞ்சேரி, பெரும்பாக்கம் என்று ஏழைகளை ஊர்க்கோடிக்கு அனுப்புவது பெருவழக்கானது. நகரத்து மனை விலை ஏற ஏற, அதில் அவர்களுக்கு இருந்த இடம் சுருங்கியது.

அக்கா இன்னும் வருகிறார். "நாலு மணிக்கு எந்திரிச்சாதான் முத பஸ்ஸ புடிக்க முடியும், பாப்பா" என்கிறார். 2021 முதல் சாதாரணப் பேருந்தில் பெண்களுக்குக் கட்டணமில்லை. பெரிய உதவி அது. ஆனால் நேரத்தை யார் திருப்பித் தருவார்கள்? நான்கு வீடு இரண்டாகிவிட்டது. வாசலில் செக்யூரிட்டி, செல்போனில் வருகைப் பதிவு, வேலைக்காரர்களுக்கென்று தனி லிஃப்ட். டம்ளர் போய் லிஃப்ட் வந்திருக்கிறது.

மகள் பட்டம் வாங்கிவிட்டாள். வேலைக்கு விண்ணப்பிக்கும்போது சைதாப்பேட்டை அத்தை வீட்டு முகவரியைத்தான் எழுதுகிறாள். "பெரும்பாக்கம் போர்டு வீடுன்னு பாத்தா கூப்புடவே மாட்டேங்குறாங்க" என்றார் அக்கா. அவள் விண்ணப்பிக்கும் ஐ.டி. அலுவலகங்கள் சோழிங்கநல்லூரில் இருக்கின்றன, அவள் வீட்டுக்கு அடுத்த ஊரில்.