உடைசல் கோட்பாடு: வீட்டு ஈஸ்டர் முட்டை மிட்டாய் பற்றி ஓர் ஆராய்ச்சி

ஈஸ்டர் முட்டையை ஆராய்ச்சிப் பொருளாகக் கொள்வது புதிய வழக்கம் அன்று. 1682-இல் ஹைடல்பெர்க் நகரத்து மருத்துவப் பேராசிரியர் கேயோர்க் ஃபிராங்க் ஃபான் ஃபிராங்கனாவ் அதற்கென்றே லத்தீனில் ஒரு நூல் எழுதினார். ஈஸ்டர் முயல் தோட்டங்களில் முட்டைகளை ஒளித்துவைக்கிறது என்று ஆல்சாஸ் பகுதியில் குழந்தைகளுக்குச் சொல்லப்பட்ட கதை அந்த நூலில் பதிவாகியிருக்கிறது. முட்டையை அளவு மீறித் தின்றால் வயிறு என்ன பாடுபடும் என்றும் அவர் எச்சரித்தார். அவருக்குப் பின் வந்தவர்கள் ஏன் முட்டை, ஏன் முயல், எந்த ஞாயிறு என்ற மூன்று கேள்விகளோடு நின்றுவிட்டார்கள். நான்காவது கேள்வி ஒன்று கேட்பாரற்றுக் கிடக்கிறது. அமெரிக்காவின் பென்சில்வேனியாவில் தவக்காலந்தோறும் சாக்லேட் பூசிய முட்டை மிட்டாய்களை வீட்டிலேயே செய்கிறார்கள். உருட்டிவைத்த உருண்டைகளின் கணக்கும் பரிசுப் பெட்டிக்குப் போகும் முட்டைகளின் கணக்கும் ஏன் ஒத்துவருவதில்லை? கைத்தவறு என்று இதை எளிதில் தள்ளிவிடுகிறார்கள். இக்கட்டுரை அதை மறுக்கிறது. கெட்டுப்போகும் மிட்டாய்களைப் பெறுவதற்காகவே இம்மரபு முழுவதும் அமைந்திருக்கிறது; நன்றாக வந்த மிட்டாய் அதன் உபவிளைவு மட்டுமே என்பது இங்கே நிறுவப்படும் துணிபு.

முதலில் வரையறை. பீனட் பட்டர், வெண்ணெய், ஐசிங் சர்க்கரை மூன்றையும் பிசைந்து, பீனட் பட்டர் வேண்டாதவர்கள் தேங்காய்த் துருவல் சேர்த்து, கையால் முட்டை வடிவில் உருட்டி, ஃபிரிட்ஜில் இறுகவைத்து, முள்கரண்டியில் ஏந்தி, உருக்கிய சாக்லேட்டில் முக்கியெடுத்து, பட்டர் பேப்பரில் வரிசையாக வைத்தால் அது ஈஸ்டர் முட்டை. அந்த வரிசையில் நிற்கும் தகுதியை இழந்தது உடைசல். அது ஐவகைப்படும்: ஓடு வெடித்தது, மேலே சாம்பல் பூத்தது, அடியில் சாக்லேட் வழிந்து பாதம் விரித்தது, கரண்டி பட்ட இடத்தில் உள்ளீடு எட்டிப்பார்ப்பது, பக்கத்து முட்டையோடு ஒட்டிக்கொண்டது. ஐந்துக்கும் பொதுவான இலக்கணம் இரண்டு: பிறருக்குக் கொடுக்க முடியாது, வாயில் போட்டால் குறை ஒன்றும் தெரியாது. இவ்விரண்டும் ஒரு பொருளில் கூடினால் அது எங்கே போய்ச் சேரும் என்பதற்கு ஆராய்ச்சி வேண்டியதில்லை. ஆராய வேண்டியது, அது எப்படி இத்தனை தவறாமல் உண்டாகிறது என்பதே.

முதற்சான்று பௌதிகத்தில் இருக்கிறது. கோகோ வெண்ணெய் ஆறு வகைப் படிக வடிவங்களில் உறையக்கூடியது என்று வில்லி, லட்டன் என்ற இரு ஆய்வாளர்கள் 1966-இல் வரிசைப்படுத்தினார்கள். அவற்றுள் ஐந்தாவதே மிட்டாய்க்காரர்கள் விரும்புவது. பளபளப்பும், கடித்தால் 'டக்'கென்று உடையும் குணமும், வாய்ச்சூட்டுக்குச் சற்றுக் கீழே ஏறத்தாழ 34 டிகிரி செல்சியஸில் உருகும் பாங்கும் அதற்கு உண்டு. அதைப் பெற, கறுப்புச் சாக்லேட்டை 45 டிகிரிக்கு மேல் உருக்கி, 27 அல்லது 28-க்கு ஆற்றி, மறுபடி 31 அல்லது 32-க்கு ஏற்ற வேண்டும். அதற்கு மேல் சூடு ஏறினால் வேண்டிய படிகங்களும் கரைந்துபோகும். இறங்கினால் சாக்லேட் கூழாகிவிடும். கடைசி முட்டை முக்கப்படும்வரை கிண்ணம் இந்த ஒடுங்கிய பாதையிலேயே நிற்க வேண்டும். சில சொட்டுத் தண்ணீர் பட்டாலும் சாக்லேட் மண்போலத் திரண்டுவிடும். சமையலறையோ நீராவிக்கும் ஈரக்கைக்கும் பிறப்பிடம். எல்லாம் கூடிவந்து ஐந்தாம் வடிவம் கைக்கு எட்டினாலும், மாதக்கணக்கில் வைத்திருந்தால் அது தானாகவே ஆறாம் வடிவத்துக்கு நகர்ந்து சாம்பல் பூக்கும். வெற்றி ஒன்றையே நாடுகிறவர் இப்படிப்பட்ட பொருளை நாடியிருக்க மாட்டார். உருண்டைகளை ஐசிங் சர்க்கரையில் புரட்டி எடுத்திருந்தால் அரைமணியில் வேலை முடிந்திருக்கும்.

இரண்டாம் சான்று உள்ளீட்டிலும் வடிவத்திலும் இருக்கிறது. சாக்லேட் ஓட்டுக்கு மிகவும் பகையான உள்ளீடு எது என்று தேடினால், எண்ணெய் கசியும் கடலையும் கொட்டைகளுமே முன்னால் வந்து நிற்கின்றன. அந்த எண்ணெய் மெல்ல மெல்ல ஓட்டுக்குள் ஊடுருவி, அதை இளக்கி, மேலே வெண்பூச்சை வரவழைக்கும். பென்சில்வேனியா மக்கள் பெரிதும் விரும்பித் தேர்ந்தது பீனட் பட்டரை. அது இளகியிருப்பதால் குளிரவைத்துத்தான் முக்க வேண்டும். குளிர்ந்த உருண்டை வெளியே வந்து அறையின் சூட்டுக்கு மீளும்போது விரியும். ஏற்கெனவே இறுகிவிட்ட ஓடு விரியாமல் வெடிக்கும். வெடிப்புக்கு அஞ்சி முட்டையை ஃபிரிட்ஜிலேயே விட்டுவைத்தால், எடுக்கும்போது மேலே ஈரம் படிந்து, சர்க்கரை கரைந்து, உலர்ந்தபின் சொரசொரப்பாகப் பூக்கும். இனி வடிவம். தட்டையாக வெட்டிய சதுரத் துண்டு கரண்டியில் நிலையாக உட்காரும். முட்டையோ உருளும், வழுக்கும், வளைந்த அடிப்பக்கத்தில் சாக்லேட்டைச் சேர்த்துப் பாதமாகப் பரப்பும். உயிர்த்தெழுதலுக்கு முட்டை குறியீடு என்பதை மறுக்கவில்லை. ஆனால் திறந்த கல்லறையும் உயிர்த்தெழுதலின் குறியீடே. அதைச் சதுரமாகச் செய்வதற்கு எந்தத் திருச்சபையும் தடை போடவில்லை. எளிய குறியீடு கையெட்டும் தூரத்தில் இருக்க, கடினமானது தேர்ந்தெடுக்கப்பட்டது என்பதை ஆய்வாளர் கவனிக்க வேண்டும்.

மூன்றாம் சான்று காலம். சாக்லேட் முக்குவதற்கு ஈரப்பதம் குறைந்த, 18 முதல் 20 டிகிரி வரையிலான அறை ஏற்றது. ஆகவே நிலையான பருவம் ஒன்றை எதிர்பார்க்கலாம். ஆனால் ஈஸ்டர், வசந்தச் சமநாளை ஒட்டிய முழுநிலவைப் பின்தொடரும் ஞாயிறு. மேற்குத் திருச்சபையில் அது மார்ச் 22-க்கும் ஏப்ரல் 25-க்கும் நடுவே 35 நாட்களில் எதிலும் விழலாம். பனி கொட்டும் வாரமும் வரலாம், ஜன்னலைத் திறந்துவைக்கும் வாரமும் வரலாம். சென்ற ஆண்டு கற்ற பாடம் இவ்வாண்டு உதவாது. இதற்கும் மேலே தவக்காலம் இருக்கிறது. சாம்பல் புதன் முதல் ஈஸ்டர் வரை 46 நாட்கள். அவற்றில் 6 ஞாயிறுகளை நீக்கினால் நோன்பு நாட்கள் 40. அந்த 40 நாளும் இனிப்பைத் துறந்திருப்பவர்கள் அமெரிக்காவில் ஏராளம். அதே நாட்களில்தான் சாக்லேட் முட்டையும் செய்கிறார்கள். சாக்லேட் நோன்பை முறிக்குமா என்பது பழைய வழக்கு. 1636-இல் மாட்ரிட்டில் அந்தோனியோ தெ லியோன் பினெலோ இக்கேள்வியை ஒரு நூலாகவே எழுதினார். 1664-இல் ரோமில் கர்தினால் பிரான்காச்சோ, திரவம் நோன்பை முறிப்பதில்லை என்ற விதியைக் கொண்டு சாக்லேட் பானத்துக்கு வழிவிட்டார். அந்தத் தீர்ப்பின் நிழலில் கிண்ணத்தை வழித்த விரல் தப்பிக்கலாம். உறைந்த மிட்டாய் தப்பிக்க முடியாது. உணவை வீணாக்குவது பாவம் என்ற வேறொரு விதியின் துணை அதற்குத் தேவைப்படுகிறது. உடைந்தால்தான் அந்த விதி பொருந்தும். முழு முட்டையைத் தின்றால் நோன்பு முறிகிறது. உடைசலைத் தின்றால் அது சிக்கனம்.

இனித் தடையும் விடையும். ருசி பார்ப்பதற்காகச் சில போகத்தானே செய்யும், அதைப் பெரிதுபடுத்துவானேன் என்பது முதல் தடை. ஒரு பானைச் சோற்றுக்கு ஒரு சோறு பதம் என்பது பழமொழி. ஒரே கிண்ணத்தில், ஒரே மாவில், ஒரே கையால் செய்த முட்டைகளுக்கும் அவ்விதி செல்லும். ஒன்றைச் சுவைத்தால் மற்றவற்றின் சுவை விளங்கிவிடும். அதற்கு மேல் போன ஒவ்வொன்றுக்கும் ருசி பார்த்தல் விளக்கமாகாது. மேலும், ருசிக்கென்று எடுப்பது எப்போதும் வெடித்ததாகவோ ஒட்டிக்கொண்டதாகவோ இருக்கிறது. உண்மையான சோதனை என்றால் தட்டின் நடுவிலுள்ள அழகான முட்டையும் எப்போதாவது அகப்பட்டிருக்க வேண்டும் அல்லவா?

இரண்டாம் தடை வலுவானது. உடைசல்தான் நோக்கம் என்றால் மக்கள் ஏன் வெப்பமானி வாங்குகிறார்கள்? பழைய வீட்டுச் சமையல் குறிப்புகள், சாக்லேட் மினுங்க வேண்டும் என்று உணவுக்கு உகந்த பாரஃபின் மெழுகைச் சீவிப் போடச் சொன்னது ஏன்? கோகோ வெண்ணெய்க்குப் பதிலாகப் பாமாயில் விதைக் கொழுப்பு சேர்த்த, படிக வித்தை வேண்டாத பூச்சு வில்லைகள் கடைகளில் விற்பது ஏன்? விடை: இவை மூன்றும் ஐவகை உடைசல்களில் சாம்பல் பூத்தல் என்ற ஒன்றை மட்டுமே குறிவைக்கின்றன. வெடிப்பையும் பாதத்தையும் ஒட்டலையும் கரண்டித் தழும்பையும் அவை தொடுவதில்லை. அந்த ஒன்று ஏன் விலக்கப்பட்டது என்பதும் விளங்கக்கூடியதே. சாம்பல் பூத்தால் மொத்தத் தட்டும் ஒன்றாகப் பூக்கும். பெட்டிக்குப் போக ஒன்றும் மிஞ்சாது. பெட்டி வெறுமையானால் அடுத்த ஆண்டு இம்முயற்சிக்கு வீட்டில் ஆதரவு இருக்காது. அளவான தோல்வியே நீடிக்கும் தோல்வி. அந்த அளவைக் காக்கவே கருவிகள் வந்தன.

பென்சில்வேனியாவின் தேவாலயங்களில் பெண்கள் கூடி, ஈஸ்டருக்குப் பல வாரம் முன்பிருந்தே முட்டைகளைச் செய்து விற்று நிதி திரட்டுகிறார்கள். அங்கே நல்ல முட்டைதானே நோக்கம் என்பாரும் உளர். விற்பனைக்கு நல்ல முட்டை வேண்டும் என்பதை ஏற்கிறோம். ஆனால் வாங்குகிறவரின் நோக்கத்தையும் செய்கிறவரின் நோக்கத்தையும் ஒன்றாக்குவது தருக்கப் பிழை. ஆண்டுக்கணக்கில் பழகிய கைகளிடம் உடைசல் குறைந்து மறைந்திருக்க வேண்டும் என்று கோட்பாட்டை மறுப்பவர் எதிர்பார்ப்பார். நடப்பது வேறு: கை தேறத் தேறக் கண்ணும் தேறுகிறது. முதல் ஆண்டில் பிளந்துபோன முட்டை மட்டுமே உடைசல். பத்தாம் ஆண்டில் மேலே சுழித்த கோடு சற்றுக் கோணியிருந்தாலும் அது உடைசல். தகுதியின் அளவுகோல் திறமையோடு சேர்ந்தே உயர்வதால் ஒதுக்கப்படுவதன் பங்கு குறைவதில்லை. தற்செயலான பிழை இவ்வளவு கட்டுப்பாட்டோடு நடந்துகொள்ளாது.

இறுதிச் சான்றுக்கு வேறொன்றும் துணை வேண்டியதில்லை. கெட்டுப்போன சாக்லேட் கெட்டுப்போனதே அன்று. சாம்பல் பூத்ததை மீண்டும் உருக்கிப் பதமாக்கினால் பழைய பளபளப்பு வரும். வெடித்த முட்டையை இன்னொரு முறை முக்கினால் வெடிப்பு மறையும். பாதத்தைக் கத்தியால் சீவிக் கிண்ணத்தில் போட்டால் ஒரு துளியும் வீணாகாது. தொழிற்சாலைகள் இதைத்தான் செய்கின்றன; ஒதுக்கியதை உருக்கி மறுபடியும் உற்பத்தியில் சேர்த்துவிடுகின்றன. 1873-இல் பிரிஸ்டலின் ஃபிரை நிறுவனம் பிரிட்டனின் முதல் கூடான சாக்லேட் முட்டையை வார்த்தது. இரண்டே ஆண்டில் கேட்பரியும் வார்த்தது. இயந்திரத்துக்கு வாய் இல்லாததால் தொழிற்சாலை முட்டையின் விலை இறங்கிக்கொண்டே வந்தது. வீட்டிலும் கிண்ணம் அருகிலேயே இருக்கிறது, சாக்லேட் இன்னும் சூடாகவே இருக்கிறது, மறுமுக்கலுக்கு ஒரு நிமிடம் போதும். ஆயினும் பரிகாரம் இவ்வளவு கிட்டத்தில் இருக்க, அதைவிடக் கிட்டத்தில் இருக்கும் வாயே தேர்ந்தெடுக்கப்படுகிறது. திருத்தக்கூடிய பிழையைத் திருத்தாமல் விடுகிறவர் அதைப் பிழையாகக் கருதவில்லை என்பதே தருக்கத்துக்கு ஒத்த முடிவு.

இக்கோட்பாட்டிலிருந்து கிளைமுடிவுகள் சில பிறக்கின்றன. கடை முட்டை மலிவாகக் கிடைக்கும்போது வீட்டில் செய்வது நட்டம் என்ற பொருளியல் வாதம் விழுந்துவிடுகிறது. கடையில் உடைசல் கிடைப்பதில்லை, ஆகவே ஒப்பிட விலையே இல்லை. சமையல் குறிப்புகளின் இறுதியில் 'இத்தனை முட்டைகள் வரும்' என்று ஒரே எண்ணை அச்சிடும் வழக்கம் கைவிடப்பட வேண்டும். உருட்டுவது இத்தனை, கொடுப்பது இத்தனை என்று இரண்டு எண்கள் தருவதே நேர்மை. பரிசு பெறுகிறவருக்கும் இதில் ஒரு பாடம் உண்டு. தம் பெட்டியிலுள்ள முட்டைகள் எவ்வளவு சீராக, பளபளப்பாக, பாதமின்றி இருக்கின்றனவோ அவ்வளவு கடுமையாகத் தேர்வு நடந்திருக்கிறது என்று அவர் கணிக்கலாம். 24 முட்டைகளும் அச்சில் வார்த்ததுபோல் ஒரே மாதிரி இருந்தால், அவற்றைச் செய்தவர் அன்றிரவு சாப்பிடாமலே படுத்திருப்பார் என்று துணிந்து சொல்லலாம்.