சைவ ஈரல்: பெயரும் பயறும் (அத்திபெலே அடுப்படிகளை முன்வைத்து)

பச்சைப்பயற்றை ஊறவைத்து அரைத்து, இட்லித் தட்டில் வேகவைத்து, துண்டுபோட்டுக் குழம்பில் இறக்கினால் அது ஈரல் ஆகிவிடும் என்பது தமிழ்ச் சமையலறைக் கோட்பாடுகளுள் ஒன்று. இதைப் பல்கலைக்கழகங்கள் கண்டுகொண்டதாகத் தெரியவில்லை. அந்தப் பெருங்குறையைப் போக்கவே இவ்வாய்வு. (எந்தக் குறையையும் போக்காத ஆய்வுகளுக்கும் இதே வாக்கியம்தான் முன்னுரை.)

ஆய்வுக்களம் அத்திபெலே. பெங்களூரு நகர மாவட்டம், ஆனேக்கல் வட்டம். சுங்கச்சாவடியைத் தாண்டிச் சற்றுப் போனால் தமிழ்நாடு. ஒரே தெருவில் கன்னடமும் தமிழும் தெலுங்கும் புழங்குவது பலருக்கும் தெரியும். நாட்காட்டிகளும் அப்படியே என்பதுதான் இங்கே முக்கியம். மகாளய அமாவாசை கர்நாடகத்தில் அரசு விடுமுறை. மூதாதையர் உயிரோடிருந்தபோது விரும்பி உண்டதைப் படைக்கும் நாள் என்பதால், பல வீடுகளில் அன்று ஆட்டுக்கறி மணக்கும். பெங்களூரு மைசூர் சாலைப் பக்கத்துக் கறிக்கடைகளில் விடியலுக்கு முன்பே வரிசை நிற்கும். அதே அமாவாசை தமிழ் வீட்டுக்குப் புரட்டாசியில் வந்து விழுகிறது. பெருமாள் மாதம், முட்டைகூட வீட்டு வாசலோடு சரி. இரண்டு வீட்டுக்கும் நடுவே ஒரே ஒரு மதில். மணத்துக்கு மதில் கிடையாது என்பதிலிருந்து இவ்வாய்வின் சிக்கல் பிறக்கிறது (அத்தை, வாய்மொழி).

2024இல் சிக்கல் இன்னும் இறுகியது. அவ்வாண்டு மகாளய அமாவாசை அக்டோபர் 2, புதன்கிழமை. காந்தி ஜெயந்தி. அன்று இறைச்சி விற்பனைக்குத் தடை விதிப்பது பெங்களூரு மாநகராட்சியின் வழக்கமாக இருந்தது. பிதுர்களும் பெருமாளும் மகாத்மாவும் ஒரே தேதியில் கூடிய அந்த நாளில், பயற்று ஈரல் மதிலின் இரு பக்கத்துக்கும் பொதுவாகியிருக்கலாம். அத்திபெலே மாநகராட்சி எல்லைக்குள் வராதே என்று எழும் மறுப்பு இங்கே ஏற்கப்படவில்லை. ஆய்வேடுகளில் இடையூறான உண்மைகளுக்கு இடம் அடிக்குறிப்பு, இக்கட்டுரைக்கோ அடிக்குறிப்பு இல்லை.

இனி வரையறை. தமிழில் ஈரல் மூன்று: கல்லீரல், மண்ணீரல், நுரையீரல். கறிக்கடையில் மண்ணீரலுக்குச் சுவரொட்டி என்று பெயர். தேர்தல் காலத்தில் அதே சொல்லுக்கு வேறு பொருள். சைவ ஈரல் என்பது நிறத்தாலும், மெல்லும்போது மாவாக உதிர்வதாலும் கல்லீரலையே குறிக்கும் என்று துணியலாம் (மேற்படி அத்தை, கையில் கரண்டியுடன்).

வகைப்பாடு: குழம்பு ஈரல், மிளகு வறுவல் ஈரல், மீல்மேக்கர் ஈரல். மூன்றாவது ஈரல் அன்று, ஸ்பாஞ்ச்.

செய்முறையில் ஆய்வுக்குரியவை இரண்டே. ஒன்று, பயற்றின் தோல். தோல் நீக்கிய பாசிப்பருப்பு வெந்தால் மஞ்சள். அது எந்த ஆட்டின் ஈரலும் அன்று. தோலோடு அரைத்தால்தான் பச்சை மங்கி, மசாலாவில் புரண்டு, ஈரலின் கருமை கிட்டும். மற்றொன்று சோம்பு. பூண்டும் சோம்பும் சேர்த்து அரைத்த விழுதை எதில் போட்டாலும் மூக்கு அதைக் கறிக்குழம்பு என்று ஒப்புக்கொள்கிறது. நாக்கு ஏமாறுவதற்கு முன்பே மூக்கு ஏமாந்துவிடுகிறது. புரட்டாசிச் சனிக்கிழமைகளில் பூண்டும் வெங்காயமும் விலக்கு என்னும் வீடுகளில் இந்த ஈரல் வெறும் வெந்த பயறாகவே நின்றுவிடும்.

ஊர்ப்பெயர் ஆய்வுக்கு இப்போது வரலாம். வராமலும் இருக்கலாம், ஆனால் ஊர்ப்பெயரை ஆராயாத தமிழ்க் கட்டுரைக்கு மாநாட்டில் பொன்னாடை கிடையாது. கன்னடத்தில் ‘பெலெ’ என்றால் விலை. லகரத்தை ளகரமாக்கினால் விளைச்சல். அதன் முதல் எகரத்தையும் நீட்டி ‘பேளெ’ என்றால் பருப்பு. ஒரு லகரமும் ஒரு குறிலும் சற்றே வளைந்து கொடுத்தால் போதும், அத்திபெலே பருப்பூர் ஆகிவிடுகிறது. ‘அத்தி’யை ‘அத்தை’ என்று கொண்டால் ‘அத்தையின் பருப்பு’ என்று ஐயமறத் தெளிவாகும். உலகச் சொற்கள் அனைத்தையும் தமிழிலிருந்து வருவிக்கும் பெருமக்கள் இதைவிடக் குறைந்த சான்றோடு இதைவிட நீண்ட தூரம் போயிருக்கிறார்கள் (அதே அத்தை, மறுப்புரை, சமையலறை நிலைப்படியில் சாய்ந்தபடி, சீரியலின் முதல் விளம்பர இடைவேளை).

வேடிக்கை என்னவென்றால், உண்மையான சொல்லாராய்ச்சி இந்தப் பொய்யைவிடச் சுவையானது. பச்சைப்பயறுக்குக் கன்னடத்தில் ‘ஹெசரு காளு’. ‘ஹெசரு’ என்றால் பெயர் என்றும் பொருள். பழங்கன்னடத்தில் சொல்லின் முதலில் நின்ற பகரம் பின்னாளில் ஹகரமாயிற்று: பால் ‘ஹாலு’ ஆனது, பூ ‘ஹூவு’ ஆனது. தமிழின் பயறும் பெயரும் கன்னடத்தில் தனித்தனியே நடந்து வந்து ‘ஹெசரு’ என்னும் ஒரே வாசலில் முட்டிக்கொண்டன. ஆக, அத்திபெலே மளிகைக்கடையில் ஒரு தமிழர் சைவ ஈரலுக்கு அரைக் கிலோ ‘ஹெசரு’ கேட்கிறார் என்றால், அவர் கேட்பது அரைக் கிலோ பெயர். ஈரலில் ஈரல் எங்கே என்று தேடுவோருக்கு இதைவிட நேர்மையான ரசீது கிடைக்காது.

ஒப்பீட்டாய்வு இன்றிக் கட்டுரை நிறைவுறாது. கிழக்கு ஐரோப்பிய யூதர்களின் பண்டிகை உணவு, வறுத்த வெங்காயத்தோடு கொத்திய ஈரல். பாலுணவும் இறைச்சியும் ஒரே வேளையில் கூடாது என்பது அவர்கள் விதி. ஆகவே பாலுணவு வேளைக்கென்று பீன்ஸ், வால்நட், அவித்த முட்டை சேர்த்து ஒரு பொய் ஈரல் உண்டு. 1949இல் இஸ்ரேலில் பங்கீட்டுக் காலம் தொடங்கி ஈரல் அரிதானபோது அந்த வேலை கத்தரிக்காய்க்குப் போனது. (முட்டை சைவமா என்று இங்கே தொடங்கினால் இது முனைவர் பட்ட ஆய்வாகிவிடும்.) பார்த்தவர் தவறாக நினைப்பாரே என்ற கவலைக்கும் அவர்களிடம் சட்டமுண்டு: இறைச்சியோடு பாதாம்பால் பரிமாறினால் பக்கத்தில் நாலு பாதாம் பருப்பை வைக்க வேண்டும் என்கிறார் 16ஆம் நூற்றாண்டில் கிராகோவ் நகரில் வாழ்ந்த மோசே இசெர்லஸ். அத்திபெலேவிலும் ஈரல் குழம்புக் கிண்ணத்தருகே ஒரு பிடி பச்சைப்பயறு வைக்கலாமே என்ற பரிந்துரை உரிய இடத்தில் முன்வைக்கப்பட்டு, உடனடியாக நிராகரிக்கப்பட்டது (அத்தை, முன்னது, எதிர்க்கேள்வி வடிவில், இரண்டாம் விசிலுக்கும் மூன்றாம் விசிலுக்கும் இடையே, ‘இதுக்கெல்லாமா உனக்குச் சம்பளம் தர்றாங்க?’ என்று தொடங்கும் பகுதி).

எஞ்சியிருப்பது ஒரே கேள்வி: வெந்ததை ஆறவிடாமல் சூட்டோடு கத்தி வைத்தால் என்ன ஆகும்? உதிரும். ஊறவைத்து, அரைத்து, ஆவியில் வேகவைத்து, உதிர்த்த பருப்புக்கு அய்யர் வீட்டுப் பந்தியில் பெயர் உசிலி. துண்டாக நின்றால் ஈரல், உதிர்ந்துவிட்டால் உசிலி. அப்படி உதிர்ந்துபோன ஒரு மதியம் அத்தை ஒரு கணமும் தயங்கவில்லை. கொத்தவரங்காயை நறுக்கச் சொன்னாள்.