உளி கேள்வி – பதில்

கேள்வி (செகந்திராபாத்): புது உளி. தேக்கில் வைத்தால் சீவாமல் பிய்க்கிறது. ஏமாந்துவிட்டேனா?

பதில்: இல்லை. பெரும்பாலான புது உளிகளுக்கு வாங்கியவர்தான் கூர் ஏற்ற வேண்டும். விளக்கடியில் முனையைப் பாருங்கள். வெள்ளைக்கோடு மினுங்கினால் மழுங்கல். கூர் ஏறியிருந்தால் கோடே தெரியாது.

கேள்வி (மல்காஜ்கிரி): சாணை பிடிக்கக் கொடுத்தேன். முனை நீலமாகித் திரும்பி வந்தது.

பதில்: சூட்டில் பதம் போய்விட்டது. சுமார் 300 டிகிரியில் எஃகு நீலம் பூக்கும். அப்புறம் கூர் நிற்காது. நீலம் படிந்த பகுதியைக் கல்லில் பொறுமையாகத் தேய்த்துக் கழியுங்கள். உள்ளே நல்ல எஃகு இருக்கிறது.

கேள்வி (மௌலாலி): ஊரில் தாத்தா வாசற்படியிலேயே அரிவாள் தீட்டுவார். இங்கே திரும்பிய பக்கமெல்லாம் பாறை. உளிக்கும் போதுமா?

பதில்: போதாது. ஹைதராபாத் பாறையில் படிகங்கள் பெரியவை, கடினமும் ஒன்றுபோல இராது. முனையில் கீறல் விழும். ஆனால் அதே கல்லை மெருகேற்றி அடுக்களை மேடைக்குப் போடுகிறார்களே, அதில் வெட்டி ஒதுக்கிய துண்டு ஒன்று கேட்டு வாங்குங்கள். தட்டையில் அதை மிஞ்ச வீட்டில் வேறொன்று கிடையாது. அதன்மேல் 220 நம்பர் எமரித்தாளை நனைத்து ஒட்டுங்கள். முதலில் உளியின் தட்டைப் பக்கம்: முனையை ஒட்டி ஓர் அங்குலம் கண்ணாடிபோல ஆகும்வரை தேய்க்க வேண்டும். பலரும் இதை விட்டுவிட்டுத்தான் கூர் வரவில்லை என்கிறார்கள். பிறகு சாய்வுப் பக்கத்தை முழுதாகப் படியவைத்து, உங்களை நோக்கி மட்டும் இழுங்கள். தள்ளினால் தாள் கிழியும். மறுபக்கம் விரலைக் குறுக்கே தடவும்போது பிசிறு தட்டுப்பட்டால் 400, அப்புறம் 1000. கடைசியில் தட்டைப் பக்கத்தை இரண்டு இழுப்பு, பிசிறு உதிரும்.

கேள்வி (தார்நாகா): சாய்வு எத்தனை டிகிரி? அளக்கக் கருவி இல்லை.

பதில்: ஸ்கேல் போதும். தகட்டின் கனத்தைப்போல் இரண்டு மடங்கு சாய்வின் நீளம் இருந்தால் 30 டிகிரி. 4 மில்லிமீட்டர் கனத்துக்கு 8. மரவேலைக்கு அது சரியான கணக்கு.

கேள்வி (நிஜாமாபாத்): எங்கள் மாவட்டத்துக் கோனசமுத்திரம் எஃகைப் பாரசீக வியாபாரிகள் தேடி வந்து வாங்கினார்களாமே! அதில் உளி செய்தால் தீட்ட வேண்டாமா?

பதில்: வந்தது உண்மை. மூசையில் உருக்கிய அந்த எஃகில் வாள் அடித்தார்கள். அந்த வாளையும் தீட்டித்தான் எடுத்தார்கள்.

கேள்வி (அமீர்பேட்டை): 12 வயது மகன் கற்றுக்கொள்ள ஆசைப்படுகிறான். கூரான உளியைக் கொடுக்கப் பயமாக இருக்கிறது.

பதில்: மழுங்கலைக் கொடுக்கத்தான் பயப்பட வேண்டும். அது வெட்டாது, பிள்ளை பலங்கொண்டு தள்ளுவான், வழுக்கிக் கையில் ஏறும். கூரானதையே கொடுங்கள். மரத்தைக் கிடுக்கியில் இறுக்கி, இரண்டு கையும் முனைக்குப் பின்னால் இருக்கச் சொல்லுங்கள். முதல் ஒரு மாதம் நீங்களும் பக்கத்தில் நில்லுங்கள்.