துடைப்பம் எழுதிய விமர்சனம்

நவீனக் கலை எனக்கு அவ்வளவாகப் புரியாது. அதைக் கூட்டிப் பெருக்கியவர்களைத்தான் நன்றாகப் புரிகிறது.

1917-இல் நியூயார்க்கில் மார்செல் டுஷாம்ப் ஒரு சிறுநீர்க் கோப்பையைப் படுக்கவைத்து, புனைபெயரில் கையெழுத்துப் போட்டுக் கண்காட்சிக்கு அனுப்பினார். பிடித்தது வினை. எது கலை, எது குப்பை என்று கண்டுபிடிக்கிற பொறுப்பு அன்றிலிருந்து, அந்தக் கட்டடத்திலேயே குறைந்த சம்பளம் வாங்குகிறவர் தலையில் விழுந்தது.

2001-இல் லண்டனில் டேமியன் ஹிர்ஸ்ட் காலி பீர் பாட்டில்கள், காபிக் கோப்பைகள், சிகரெட் துண்டுகள் நிரம்பிய ஆஷ்ட்ரேக்கள் என்று ஒரு படைப்பை அடுக்கிவைத்தார். துப்புரவுப் பணியாளர் அவ்வளவையும் அள்ளிப் பையில் கட்டிவிட்டார். பிறகு பையைக் கிளறி, புகைப்படத்தைப் பார்த்துப் பார்த்து மறுபடி அடுக்கினார்கள். ஒவ்வொரு சிகரெட் துண்டும் அதனதன் பழைய இடத்துக்கே போய்ச் சேர்ந்ததா என்று யார் சரிபார்த்திருப்பார்கள்? ஹிர்ஸ்ட் கோபிக்கவில்லை, சிரித்தார். பெரிய மனசு.

இதில் அதிகம் அடிபட்டவர் ஜெர்மனியின் ஜோசப் பாய்ஸ். குழந்தையைக் குளிப்பாட்டும் தொட்டி ஒன்றில் பிளாஸ்திரியும் கட்டுத்துணியும் ஒட்டிவைத்திருந்தார். 1973-இல் லெவர்குசன் அருங்காட்சியகத்தில் கட்சிக்காரர்கள் விருந்து வைத்தபோது, இரண்டு பெண்கள் அதைப் பளபளவென்று தேய்த்து கிளாஸ் கழுவப் பயன்படுத்திக்கொண்டார்கள். அப்புறமும் மனுஷர் அசரவில்லை. 1982-இல் டூசல்டார்ஃப் கலைக்கல்லூரியில், கூரையை ஒட்டிய மூலையில் 5 கிலோ வெண்ணெயை அப்பிவைத்தார். எங்கள் வீட்டில் யாராவது இப்படிச் செய்தால் வெண்ணெயை விட்டுவிட்டு ஆளைத்தான் முதலில் வெளியேற்றுவார்கள். அங்கே, 1986-இல் பாய்ஸ் காலமான பிறகுதான் சுவரைத் துடைத்தார்கள். விவகாரம் கோர்ட்டுக்குப் போய், மாநில அரசு 40,000 மார்க் நஷ்டஈடு கொடுத்தது. மிஞ்சியிருந்த கொழுப்பை வைத்து 2014-இல் மூன்று கலைஞர்கள் சாராயம் காய்ச்சினார்கள். எப்படி இருந்ததோ, குடித்தவர்களைத்தான் கேட்க வேண்டும்.

டார்ட்மண்டில் 2011-இல் நடந்ததுதான் எனக்கு வருத்தம். மார்ட்டின் கிப்பன்பெர்கர் ஒரு ரப்பர்த் தொட்டியில், தண்ணீர் தேங்கிக் காய்ந்த கறையை மெனக்கெட்டுத் தீட்டியிருந்தார். கறை என்றால் விடுவார்களா? துப்புரவுப் பணியாளர் தேய்த்துவிட்டார். மதிப்பு 8 லட்சம் யூரோ. அந்தக் கறையை நிஜமென்று நம்பிய ஒரே ரசிகர் அந்தப் பணியாளர். அவருக்குக் கிடைத்தது கெட்ட பெயர்.

2024-இல் நெதர்லாந்தின் லிஸ்ஸ ஊர் அருங்காட்சியகத்தில், லிஃப்ட் பழுதுபார்க்க வந்தவர் அங்கே கிடந்த நசுங்கிய பீர் கேன் இரண்டைக் குப்பையில் போட்டார். இரண்டும் அலெக்சாண்டர் லாவே கையால் வண்ணம் தீட்டியவை. அசலை அப்படியே தீட்டியிருக்கிறார் என்பதற்கு இதைவிடப் பெரிய சான்றிதழை எந்தக் கலை விமர்சகரும் எழுத முடியாது. அருங்காட்சியகத்தாரும் லிஃப்ட்காரரைத் திட்டவில்லை. கேன்களைக் குப்பைப் பையிலிருந்து மீட்டு, கழுவி, வாசலருகே பீடம் போட்டு ஏற்றிவைத்தார்கள்.